ரிங்குக்குள் மூன்றாவது ஆள்

2021 ஜூலை 22 அன்று ‘சார்பட்டா பரம்பரை’ அமேசான் பிரைமில் வெளியானது. அடுத்த ஒரு மாதத்தில் அந்தப் படத்தைப் பற்றித் தமிழ் இணையத்தில் வந்ததையெல்லாம் தொகுத்தால் தலையணை சைஸில் ரெண்டு வால்யூம் போடலாம். எமர்ஜென்சியைப் பற்றி எழுதினோம். எந்தக் கட்சியைத் தூக்கிப் பிடிக்கிறது, எந்தக் கட்சியைத் தாழ்த்துகிறது என்று சண்டை போட்டோம். ரங்கன் வாத்தியாரின் நடை, மாரியம்மாளின் கோபம், டாடியின் ஆங்கிலம், வேம்புலியின் உடம்பு என்று ஒன்றையும் விடவில்லை. டான்சிங் ரோஸுக்கு மீம் போடாத ஆள் பாக்கி இல்லை. ஒளிப்பதிவாளருக்கு? கடைசிக்கு முந்தைய பத்தியில், இசைக்கும் எடிட்டிங்குக்கும் நடுவில், ‘படத்துக்குப் பலம்’ என்ற தொனியில் ஒரு வரி.

என்ன பலம்? எங்கே பலம்? யாரும் சொல்லவில்லை. சொல்லத் தேவை இருப்பதாகவும் நினைக்கவில்லை.

என் புகார் இதுதான். தமிழில் சினிமாவைப் பற்றி எழுதுகிற நாம், ஒரு சண்டைக் காட்சியை யார் எழுதினார் என்ற கேள்வியை இன்னும் கேட்கக் கற்றுக்கொள்ளவில்லை. ஹீரோ ஆறு மாதம் ஜிம்முக்குப் போன கதை தெரியும். ஸ்டண்ட் மாஸ்டர் பெயர் தெரியும். அன்பறிவ் என்று சொன்னால் தியேட்டரில் விசில் பறக்கும். சண்டை அமைப்புக்கென்று தேசிய விருதே தனியாக வந்துவிட்டது. 2016 படங்களுக்கான விருதுகளில் ‘புலிமுருகன்’ படத்துக்காக பீட்டர் ஹெயின் அதை வாங்கினார். நல்லது, வர வேண்டியதுதான். ஆனால் அந்தக் குத்தை நம் கண்ணுக்குக் குத்தாக மாற்றியவர் எங்கே நின்றார், எந்த லென்ஸ் போட்டார், யார் பக்கம் நின்றார் என்பதைப் பற்றி நம்மிடம் ஒரு முழுப் பத்திகூட இல்லை. வட சென்னையைப் பொறுத்தவரை இது வெறும் சினிமா ரசனைப் பிரச்சினையும் இல்லை. ஏன் என்று பிறகு வருகிறேன்.

முதலில் குத்து.

சினிமாவில் குத்து முகத்தில் விழுவதில்லை. முகத்துக்கும் க்ளவுஸுக்கும் நடுவே இடைவெளி இருக்கும். அந்த இடைவெளியை மறைப்பது கேமரா. பக்கவாட்டில் நின்று எடுத்தால் காற்றில் குத்துகிறார்கள் என்று குழந்தைகூட சொல்லிவிடும். அடிப்பவரின் தோளுக்குப் பின்னால், குத்து போகிற திசையிலேயே கேமராவை வைத்து, நீளமான டெலி லென்ஸைப் போட்டால் முன்னால் இருப்பதும் பின்னால் இருப்பதும் ஒன்றோடொன்று ஒட்டியதுபோல் தெரியும். க்ளவுஸ் கன்னத்தில் இறங்கியதாகக் கண் நம்பும். வாங்குபவர் சரியான நேரத்தில் தலையைத் திருப்ப வேண்டும். சத்தத்தைப் பிறகு சேர்த்துக்கொள்ளலாம். ஆக, சினிமாக் குத்து என்பது மூன்று பேர் சேர்ந்து செய்யும் வேலை: அடிப்பவர், வாங்குபவர், கேமரா. நிஜ ரிங்கில் மூன்றாவது ஆள் ரெஃபரி. சினிமா ரிங்கில் மூன்றாவது ஆள் ஒளிப்பதிவாளர். யார் ஜெயிப்பது என்பது திரைக்கதையில் இருக்கிறது. அந்த ஜெயிப்பை யார் கண்ணால் நாம் பார்க்கிறோம் என்பது இவர் கையில்.

உலகம் இதைப் பல காலமாகப் பேசிக்கொண்டிருக்கிறது. 1947-ல் வந்த ‘பாடி அண்ட் சோல்’ படத்துக்கு ஜேம்ஸ் வாங் ஹோவ் கையில் கேமராவோடு, காலில் ரோலர் ஸ்கேட் மாட்டிக்கொண்டு ரிங்குக்குள் இறங்கினார். சீனாவில் பிறந்து அமெரிக்காவுக்கு வந்தவர். இளம் வயதில் அவரே குத்துச்சண்டை வீரர். வாங்கினால் எப்படி இருக்கும் என்று தெரிந்த உடம்பு, எங்கே நிற்க வேண்டும் என்பதைத் தெரிந்துவைத்திருந்தது. 1980-ல் ‘ரேஜிங் புல்’ படத்துக்கு மைக்கேல் சாப்மன், ஸ்கோர்செஸியோடு சேர்ந்து, வீரனின் மனநிலைக்கு ஏற்றபடி ரிங்கின் அளவையே மாற்றிமாற்றி எடுத்தார். புரூஸ் லீ, சக் நோரிஸோடு மோதுகிற ‘வே ஆஃப் தி டிராகன்’ (1972) எல்லோருக்கும் தெரியும். அதன் கேமராமேன் நிஷிமோட்டோ தடாஷி என்கிற ஜப்பானியர், ஹோ லான் ஷான் என்ற சீனப் பெயரில் ஹாங்காங்கில் வேலை செய்தவர் என்பது எத்தனை பேருக்குத் தெரியும்? கிங் ஹூவின் ‘கம் டிரிங்க் வித் மீ’ (1966) படமும் அவருடையதுதான். நாம் குங்ஃபூ படம் என்று சொல்கிற அந்தப் பார்வையின் அஸ்திவாரத்தில் அவர் கை இருக்கிறது.

குங்ஃபூவுக்கும் குத்துச்சண்டைக்கும் கேமரா செய்கிற வேலை வேறுவேறு. குங்ஃபூவில் ஆள் நிஜமாகவே காலைத் தலைக்கு மேல் தூக்குகிறார். அதைக் காட்ட வேண்டும் என்றால் கேமரா பின்னால் போய், தலையிலிருந்து பாதம் வரை ஃப்ரேமில் வைத்து, வெட்டாமல் காத்திருக்க வேண்டும். குத்துச்சண்டையில் கிட்டே போய் இடைவெளியை மறைக்க வேண்டும். ஒன்றில் கேமரா சாட்சி. இன்னொன்றில் கேமரா கூட்டாளி.

இப்போது டான்சிங் ரோஸ் ஆட்டத்துக்கு வாருங்கள். ரோஸ் கையால் ஆடுகிற ஆள் இல்லை, காலால் ஆடுகிற ஆள். அவரை வழக்கமான குத்துச்சண்டைப் பட முறையில் தோளுக்கு மேலே மட்டும் எடுத்திருந்தால் அந்தப் பாத்திரமே செத்திருக்கும். அங்கே முரளி குத்துச்சண்டைப் படத்தை நிறுத்திவிட்டுக் கொஞ்ச நேரம் குங்ஃபூ படம் எடுக்கிறார். கேமரா பின்வாங்குகிறது. முழு உடம்பும் தெரிகிறது, கால்கள் தெரிகின்றன, ரிங்கின் தரை தெரிகிறது. கபிலன் எதைப் படிக்க முயல்கிறானோ அதையே நாமும் படிக்கிறோம். கபிலனுக்குத் தாளம் பிடிபடும்போது நமக்கும் பிடிபடுகிறது. அந்த ஆட்டம் நம் மனதில் ஒட்டிக்கொண்டதற்கு ஷபீரின் உடம்பும் அன்பறிவின் அமைப்பும் காரணம். மறுக்கவில்லை. அந்த ரெண்டையும் வெட்டி நாசமாக்காமல் தள்ளி நின்று பார்த்த ஒரு கண்ணும் காரணம். அந்தக் கண்ணுக்கு நாம் கொடுத்தது ஒரு வரி.

வேம்புலியோடு மோதும்போது இதே கேமரா வேறு ஆளாகிறது. அங்கே கனம்தான் விஷயம், காலில்லை. கேமரா கிட்டே போகிறது, தோள் மறைக்கிறது, வேர்வை தெறிக்கிறது. ஒரே படத்தில் ரெண்டு எதிராளிகளுக்கு ரெண்டு இலக்கணம். இதைச் செய்தவரின் தொழில் வாழ்க்கையைப் பற்றித் தமிழில் ஒரு நீளமான கட்டுரை எழுத யாருக்கும் தோன்றவில்லை என்றால், நாம் படம் பார்க்கிறோமா, கதை கேட்கிறோமா?

ஜி. முரளி தெலுங்கில் 2012-ல் வந்த ஹனு ராகவபுடியின் ‘அந்தால ராக்ஷசி’யில் தெரியவந்தவர். அது காதல் படம். பிறகு பா. ரஞ்சித்தோடு வரிசையாக நாலு: ‘மெட்ராஸ்’ (2014), ‘கபாலி’ (2016), ‘காலா’ (2018), ‘சார்பட்டா பரம்பரை’ (2021). இந்த நாலையும் ரஜினி படம், கார்த்தி படம், ரஞ்சித்தின் அரசியல் படம் என்றெல்லாம் பிரித்துப் பேசியிருக்கிறோம். ஒரே ஒளிப்பதிவாளரின் நாலு சண்டைப் படங்களாக வரிசையில் வைத்துப் பார்த்தால் வேறொன்று தெரிகிறது.

‘மெட்ராஸ்’ வியாசர்பாடி ஹவுசிங் போர்டு. அதில் சண்டை என்பது ஓட்டம். அன்புவும் காளியும் ராத்திரியில் துரத்தப்படுகிற அந்தக் காட்சியில் வீரம் கிடையாது, பயம்தான் இருக்கிறது. சந்து எங்கே திரும்பும், எங்கே முட்டும் என்பதுதான் சண்டையே. அந்த இடத்தின் நில அமைப்பு தெரியாத கேமராவால் அதை எடுக்க முடியாது. ‘கபாலி’யில் கோட்டு சூட்டு போட்ட ஒரு தமிழனை, மலேசியாவில், நிமிர்ந்து உட்கார வைத்து எடுக்க வேண்டியிருந்தது. ‘காலா’வில் தாராவி. பாலத்தின் மேல் மழையில் குடையை வைத்துக்கொண்டு ஒரு கிழவர் நிற்கிறார். கடைசியில் கறுப்பு, சிவப்பு, நீலம் என்று வண்ணப் பொடி திரையை நிரப்பும்போது, ஒரு கும்பல் ஒரு ஆளை அடிப்பதாக நமக்குத் தோன்றுவதில்லை. நிறங்கள் ஒரு வெள்ளைச் சட்டையைத் தோற்கடிக்கின்றன. வசனம் இல்லாத அந்த அரசியலைச் செய்தது நிறமும் ஒளியும். அப்புறம் ‘சார்பட்டா’. அங்கே சண்டைக்கு முதல் முறையாக விதிமுறை இருக்கிறது, ரவுண்ட் இருக்கிறது, வாத்தியார் இருக்கிறார், சுற்றிலும் ஊர் இருக்கிறது.

நாலிலும் பொதுவாக நான் பார்ப்பது கேமரா நிற்கிற உயரம். மேலே நின்று குப்பத்தைப் பார்க்கும் கேமராவாக அது பெரும்பாலும் இருப்பதில்லை. ஆட்களின் தோள் உயரத்தில், அவர்களோடு நெரிசலில் நிற்கிறது. ‘சார்பட்டா’ ரிங்கைச் சுற்றி இருக்கும் கூட்டத்தைக் கவனியுங்கள். பின்னணிக்கு நிறுத்திய தலைகளாக அவர்களை மங்கலாக்கிவிடாமல், ஒவ்வொரு குத்துக்கும் அவர்கள் முகத்துக்குத் திரும்புகிறது. குத்து விழுவது கன்னத்தில். வலிப்பது பரம்பரைக்கு. அதைச் சொல்ல வசனம் தேவைப்படவில்லை.

இப்போது, இது ஏன் ரசனைப் பிரச்சினை மட்டும் இல்லை என்பதற்கு வருகிறேன்.

நான் திருவொற்றியூர்க்காரன். பழைய மகாபலிபுரம் சாலையில் ஒரு கம்பெனியில் சேர்ந்த புதிதில், ஊர் எது என்று கேட்ட சக ஊழியர் பதிலைக் கேட்டுவிட்டு, “பாத்தா அப்படித் தெரியலையே” என்றார். பாராட்டு என்று நினைத்துத்தான் சொன்னார். அவர் ராயபுரம் பாலத்தைத் தாண்டி வந்ததே இல்லை. அப்புறம் எப்படி ‘அப்படி’ என்று ஒரு உருவம் அவர் மனதில் இருந்தது? யாரோ ஒருவர் எடுத்துக் கொடுத்த உருவம் அது. அதை எடுத்தது கேமரா.

கடந்த இருபது வருடத் தமிழ் சினிமாவில் வட சென்னைக்கு என்று ஒரு நிறம் உருவாகிவிட்டது. பச்சையும் பழுப்பும் கலந்த ஒரு அழுக்கு. பகலிலும் இருட்டு. எரிகிற டயர், ஒழுகுகிற குழாய், கையில் கத்தி. ஹெலிகேமில் மேலிருந்து தகரக் கூரைகளைக் காட்டிவிட்டு இறங்கினால் அடுத்த ஷாட்டில் கொலை. கலர் கிரேடிங் என்பது கடைசியில் எண்கள்தான். நிழலில் எவ்வளவு பச்சை, வெளிச்சத்தில் எவ்வளவு மஞ்சள் என்ற எண்கள். ஒருமுறை செட் பண்ணி சேமித்து வைத்தால் எந்தப் படத்துக்கும் போட்டுக்கொள்ளலாம். வட சென்னை இப்போது ஒரு ப்ரீசெட். இடம் தேவையில்லை, ஃபைல் போதும்.

வெற்றிமாறனின் ‘வடசென்னை’ (2018) மேல் பழி போடுவது சுலபம். போட மாட்டேன். அந்தப் படத்தில் பெரும் பகுதி சிறைக்குள் நடக்கிறது. வேல்ராஜின் இருட்டுக்கு அங்கே காரணம் இருந்தது. பின்னால் வந்தவர்கள் காரணத்தை விட்டுவிட்டு இருட்டை மட்டும் எடுத்துக்கொண்டார்கள்.

நிஜமான வட சென்னை வெளிச்சம் எப்படி இருக்கும்? கிழக்கே முழுக்கக் கடல். காலை ஆறரைக்குக் காசிமேட்டில் நின்றால் மறைக்க ஒன்றுமில்லாமல் சூரியன் நேராக முகத்தில் அடிக்கும். படகுகளில் அடித்த பெயிண்ட், ஐஸ் பெட்டி, வஞ்சிரத்தின் வெள்ளி எல்லாம் கூசும். எண்ணூர் பக்கம் போனால் அனல்மின் நிலையச் சாம்பல் படிந்த கழிமுகத்தில் வெளிச்சம் கீழேயிருந்து மேலே வரும், வெள்ளையாக. மதியம் எண்ணூர் விரைவுச்சாலையில் கன்டெய்னர் லாரி கிளப்பும் புழுதி. ராத்திரி மணலி சுத்திகரிப்பு ஆலையின் சுடர், பாதி வானம் செம்மண் நிறம். இதில் அழகும் இருக்கிறது, விஷமும் இருக்கிறது. அந்த விஷம்கூட ப்ரீசெட்டில் தெரிவதில்லை என்பதுதான் வேடிக்கை. சாம்பலைக் கொட்டுவது யார், புகையை விடுவது யார் என்ற கேள்வியை, எல்லாவற்றையும் ஒரே அழுக்கு நிறமாக்குகிற கிரேடிங் அழித்துவிடுகிறது. ஊரே அழுக்கு, ஆட்களும் அழுக்கு என்று முடித்துவிடுகிறது.

‘சார்பட்டா’வில் என்னைத் தூக்கிப் போட்டது இதுதான்: வெயில். எழுபதுகளின் மெட்ராஸை செட் போட்டு எழுப்பியிருக்கிறார்கள். கலை இயக்குநர் ராமலிங்கத்தின் உழைப்பு அது. அந்த செட்டுக்குள் முரளி வெயிலை விட்டார். வேர்த்த கறுத்த உடம்புகள் வெயிலில் நிற்கின்றன, வெளிறிப் போகாமல், இருட்டில் கரையாமல். இது சின்ன விஷயம் இல்லை. ஃபிலிம் காலத்தில் கோடாக் நிறத்தைச் சரிபார்க்கக் கொடுத்த ‘ஷர்லி கார்டு’களில் இருந்தது ஒரு வெள்ளைக்காரப் பெண்ணின் முகம். அந்தத் தோல் சரியாக வந்தால் படம் சரி. அப்படிப் பழகிய ஒரு தொழிலில், கறுத்த தோலுக்கு ஏற்றபடி எக்ஸ்போஷர் வைப்பது ஒரு நிலைப்பாடு. பீடி ராயப்பன் கடற்கரையில் கபிலனுக்குப் பயிற்சி கொடுக்கும் பகுதியைத் திரும்பப் பாருங்கள். கடல், மணல், நண்டு, ரெண்டு உடம்பு. தோற்றுப்போன ஒருவன் திரும்ப எழுவது வெளிச்சத்தில் நடக்கிறது. நம் ஊர்க் கடற்கரை ஒரு பெரிய படத்தில் பிணம் ஒதுங்காத இடமாக வந்ததை நான் ரொம்ப நாள் கழித்துப் பார்த்தேன்.

இங்கே சிலர் குறுக்கே வருவார்கள். தெரியும்.

“இதெல்லாம் டைரக்டர் முடிவுங்க, கேமராமேன் சொன்னதைச் செய்யறவரு.” அப்படியா? ரஞ்சித்தின் முதல் படம் ‘அட்டகத்தி’ (2012) பி.கே. வர்மா எடுத்தது. ‘நட்சத்திரம் நகர்கிறது’ம் ‘தங்கலா’னும் கிஷோர் குமார் எடுத்தவை. பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். இயக்குநர் ஒருவரே, கண் ஒன்றில்லை. எது நல்லது, எது மோசம் என்று சொல்லவில்லை, வேறுவேறு என்கிறேன். அந்த வித்தியாசம் கண்ணில் படவில்லை என்றால் கோளாறு கேமராவில் இல்லை.

“அப்போ பாக்ஸிங் படத்துக்கு முரளி மட்டும்தானா?” இல்லை. சுதா கொங்கராவின் ‘இறுதிச்சுற்று’ (2016) இருக்கிறது. சிவகுமார் விஜயன் எடுத்தது, அதுவும் நம் மீனவர் குப்பத்துப் பெண்ணின் கதை. அங்கே ரித்திகா சிங் நிஜத்திலேயே சண்டைக்காரர். குத்தத் தெரிந்த ஆள் முன்னால் நின்றால் கேமரா பொய் சொல்ல வேண்டியது குறைகிறது, அந்தப் படத்தின் விறுவிறுப்பு அங்கிருந்து வருகிறது. ‘பூலோகம்’ (2015) இருக்கிறது, எஸ்.ஆர். சதீஷ்குமாரின் ஒளிப்பதிவு; அது ரிங்கை டி.வி. வியாபாரத்தின் பளபளப்பில் பார்க்கிறது, கதையே அதுதான். மூன்று படம், மூன்று ரிங். ஒப்பிட்டு எழுத எவ்வளவு இருக்கிறது! எழுதியிருக்கிறோமா?

“செட் போட்டு எடுத்த கனவு மெட்ராஸ் அது, நிஜம் இல்லை.” கனவுதான். கத்தி எடுக்கிற வட சென்னை மட்டும் நிஜத்திலிருந்து வந்ததா? ரெண்டும் லைட் வைத்து எடுத்ததுதான். ஒன்றைக் கனவு என்றும் இன்னொன்றை யதார்த்தம் என்றும் பிரிக்கும் உரிமையை யார் எடுத்துக்கொண்டார்கள் என்பதுதான் கேள்வி.

இன்னொரு அநியாயத்தையும் சொல்லிவிடுகிறேன், இது என் தொழில் சம்பந்தப்பட்டது. வீடியோவைச் சுருக்கி அனுப்பும் மென்பொருளோடு சில வருடம் மல்லுக்கட்டியிருக்கிறேன். அந்த மென்பொருள் எப்படி இடத்தை மிச்சம் பண்ணுகிறது என்றால், ஒரு ஃப்ரேமிலிருந்து அடுத்த ஃப்ரேமை ஊகிக்கிறது. சுவர் சுவராகவே இருக்கும், சுலபம். புழுதி, பீடிப் புகை, தெறிக்கிற வேர்வை, ஆர்ப்பரிக்கிற கூட்டத்தின் தலைகள் இதையெல்லாம் ஊகிக்க முடியாது. நெட் ஸ்லோவாக இருந்தால் முதலில் வழித்துத் தள்ளப்படுவது அவைதான். அடுத்து, நிழல் பகுதிகள். அங்கே நுணுக்கம் போனால் கண்ணுக்குத் தெரியாது என்ற கணக்கு. கறுத்த முகத்தின் மேல் விழும் மங்கிய ஒளியில் இருக்கும் பத்து வகைப் பழுப்பு, ரெண்டு வகையாகிவிடும். ‘சார்பட்டா’ முழுக்கப் புழுதி, புகை, வேர்வை, கூட்டம், கறுத்த முகம். கொரோனா காலம்; தியேட்டருக்கு வராமலேயே அந்தப் படம் நம் போனுக்கு வந்தது. வந்தது நல்லதுதான், இல்லையென்றால் பார்த்திருக்கவே மாட்டோம். ஆனால் நம்மில் பெரும்பாலானோர் பார்த்தது அவர் எடுத்த படத்தின் சுருக்கத்தை என்பதையாவது ஒத்துக்கொள்ள வேண்டும். அதைப் பெரிய திரையில், கூட்டத்தோடு கூட்டமாக, ராயபுரத்திலோ திருவொற்றியூரிலோ ஒரு தியேட்டரில் நாம் பார்க்கவில்லை. யார் ஊரைப் பற்றிய படமோ அவர்களுக்கே முழுப் படம் கிடைக்கவில்லை.

அதனால்தான் எழுத்து முக்கியம். திரையில் கரைந்ததை எழுத்து திருப்பிக் கொண்டுவரும். எந்தச் சண்டையில் கேமரா பின்வாங்கியது, எந்தச் சண்டையில் உள்ளே போனது, வெயில் எந்தப் பக்கத்திலிருந்து வந்தது, கூட்டத்தின் முகங்களுக்கு எப்போதெல்லாம் திரும்பியது. இதை எழுதப் பெரிய படிப்பு தேவையில்லை. ஒரு காட்சியை மூன்று முறை பார்க்கும் பொறுமை போதும். முதல் முறை கதைக்கு, ரெண்டாம் முறை சத்தத்தை நிறுத்திவிட்டு, மூன்றாம் முறை ‘இந்த ஷாட்டில் நான் எங்கே நிற்கிறேன், யார் பக்கம் நிற்கிறேன்’ என்ற ஒரே கேள்வியோடு. பேட்டி எடுக்கிறவர்களுக்கும் இதே வேண்டுகோள். ஒரு ஒளிப்பதிவாளர் முன்னால் உட்கார்ந்துகொண்டு ‘ரஜினி சாரோட வேலை செஞ்ச அனுபவம் எப்படி’ என்றே ஆரம்பிக்காதீர்கள். ரிங்கின் எந்த மூலையில் நின்றீர்கள், ஏன் என்று கேளுங்கள்.

எங்கள் பக்கத்தில் இன்றைக்கும் குத்துச்சண்டை கற்றுக்கொடுக்கிற இடங்கள் இருக்கின்றன. பிள்ளைகள் காலையில் ஓடுகிறார்கள், சாயங்காலம் பையில் குத்துகிறார்கள். நண்பர்கள் சுற்றி நின்று போனில் எடுக்கிறார்கள். அந்த வீடியோக்களைப் பார்த்தால் ஒன்று தெரியும்: ‘சார்பட்டா’வுக்குப் பிறகு பசங்க போனை எங்கே பிடிப்பது என்று யோசிக்கிறார்கள். ரோஸ் மாதிரி ஆடும்போது தள்ளிப் போய் காலைச் சேர்த்து எடுக்கிறார்கள். பையில் குத்தும்போது தோளுக்குப் பின்னால் வருகிறார்கள். அவர்களுக்கு முரளி என்ற பெயர் தெரிந்திருக்காது. எங்கே நிற்க வேண்டும் என்பதை அவரிடமிருந்துதான் கற்றிருக்கிறார்கள். விமர்சனம் எழுதுகிற நாம் மட்டும்தான் இன்னும் கற்கவில்லை.